பிரிண்டர் நல்லா இருக்கு, டிரைவர்தான் வாட்டுது

"மச்சான், உன் வீட்டில் இருக்கிற அதே இங்க் டேங்க் பிரிண்டர் சிம் லிம் கடைத்தொகுதியில் விலை இறங்கியிருக்கு. வாங்கலாமா?" என்று நண்பன் கேட்டான். 2025 அக்டோபரில் விண்டோஸ் 10-க்கு ஆதரவு நின்றதும் பழைய மடிக்கணினியில் உபுண்டு என்ற லினக்ஸ் இயங்குதளத்தை ஏற்றிக்கொண்டவன் அவன். நானும் உபுண்டுதான். அதனால்தான் ஒரு வார்த்தையில் பதில் சொல்ல முடியவில்லை.

இயந்திரத்தில் குறை இல்லை. துணைப்பாட வகுப்புத் தாள்கள், மகளின் கட்டுரைப் பயிற்சி, சிபிஎஃப் சேமநிதிப் படிவம் என்று என்ன கொடுத்தாலும் அடித்துத் தள்ளுகிறது. மை இறங்குவதே தெரிவதில்லை. நம் சிங்கப்பூர் ஈரப்பதத்துக்குத் தாள் சுருண்டு சிக்கும் என்று பயந்தேன். அதுவும் இல்லை.

என் கோபமெல்லாம் ஒரே ஒரு கோப்பின் மேல்: லிப்டிஃப்.எஸ்ஓ.5. டிஃப் வகைப் படங்களைக் கையாள, பல நிரல்கள் பகிர்ந்துகொள்ளும் பொது நூலகக் கோப்பு அது. உபுண்டு 22.04 பதிப்பில் இருந்தது. 24.04-இல் அதன் இடத்தில் 6 வந்துவிட்டது. கணினியையும் பிரிண்டரையும் பேசவைக்க நிறுவனம் கொடுத்த டிரைவர் நிரலுக்கோ 5-தான் வேண்டும். கணினியை மேம்படுத்திய பிறகு அச்சுக்கு அனுப்பினால் 'ஃபில்டர் ஃபெயில்ட்' என்று மட்டும் வரும். எந்தக் கோப்பு இல்லை என்று திரையில் ஒரு சொல் கிடையாது. அச்சு வேலைகளைக் கவனிக்கும் கப்ஸ் நிரலின் பதிவேட்டைத் திறந்து, எந்த நூலகம் இல்லை என்று காட்டும் எல்டிடி கட்டளை கொடுத்துப் பார்த்தால்தான் குட்டு வெளிப்படும்.

இத்தனைக்கும் நான் டிஃப் படம் எதையும் அச்சிட்டதே இல்லை. ஆனால் லினக்ஸ் ஒரு நிரலை ஓட்டும்போது, அது கேட்கும் நூலகங்கள் அத்தனையும் தொடக்கத்திலேயே இருக்கவேண்டும். ஒன்று குறைந்தாலும் நிரல் கிளம்பாது, அந்த நூலகத்துக்கு அன்றைக்கு வேலையே இல்லாவிட்டாலும் சரி. கல்யாணத்துக்கு வராத தாய்மாமனுக்காகத் தாலி கட்டாமல் காத்திருக்கிற கதை.

6-க்கு 5 என்று பெயர் சூட்டி ஓர் இணைப்புப் போட்டேன். ஓடுகிறது, இப்போதைக்கு. எண் மாறுவதே 'பழையதோடு முழுமையாக ஒத்துப்போகும் என்று நம்பாதே' என்பதைச் சொல்லத்தான். இதற்கு முன் வைத்திருந்த பிரிண்டரிலும் இதே கூத்து. அப்போது வில்லன் லிப்பிஎன்ஜி12, பிஎன்ஜி வகைப் படங்களுக்கான நூலகம். உபுண்டு 16.04-இல் இருந்தது, 18.04-இல் போய்விட்டது. அங்கே இந்தப் பெயர்மாற்ற வித்தை பலிக்கவே இல்லை. புதிய லிப்பிஎன்ஜி உள்ளமைப்பையே மூடி வைத்துவிட்டது, பதிப்பு எண்ணையும் சரிபார்க்கிறது.

நியாயமாகப் பேசினால், டிரைவரே இல்லாமல் இந்தப் பிரிண்டர் காட்டும் சாமர்த்தியத்தையும் சொல்லவேண்டும். மகள் தன் ஐபேடிலிருந்து, டிரைவர் இல்லாமலே அச்சிடும் ஆப்பிளின் ஏர்பிரிண்ட்டில் அனுப்புவாள், தாள் வந்து விழும். நான் பதிவேட்டைத் துழாவிக்கொண்டிருப்பேன். அந்தக் கடுப்பில் ஒருநாள் டிரைவரைக் கழற்றிவிட்டு, உபுண்டுவிலேயே இருக்கும் ஐபிபி என்ற பொது அச்சு நெறிமுறை வழியில் சேர்த்தேன். உடனே அச்சிட்டது! ஸ்கேனரும் தானாக வந்து உட்கார்ந்தது. வெளி நிறுவனங்களின் டிரைவர்களைப் படிப்படியாகக் கைவிடப்போவதாக மைக்ரோசாஃப்ட்டே 2023-இல் அறிவித்துவிட்டது. உலகம் போகிற திசை அதுதான்.

அப்புறம் எதற்கு அந்தப் பாழாய்ப்போன டிரைவர்? புகைப்படத்துக்கு. டிரைவர் இல்லாத வழியில் என் பிரிண்டரில் பளபளப்புத் தாளைத் தேர்ந்தெடுக்க இடமில்லை. தீபாவளிக்கு எடுத்த குடும்பப் படம் வெளிறிப்போய் வந்தது. டிரைவரோடு அடித்தால் பட்டுப்புடவையின் அரக்குச் சிவப்பு அப்படியே வரும். அம்மா அந்தப் படத்தைத்தான் சட்டம் போட்டு வைத்திருக்கிறார்.

லிப்டிஃபின் உரிமம் தாராளமானது, யாரும் நகலெடுத்துக் கூடவே அனுப்பலாம். டிரைவர் தொகுப்புக்குள் அந்தச் சின்னக் கோப்பையும் போட்டுக் கொடுக்க இந்த நிறுவனத்துக்கு என்ன கேடு? வாடிக்கையாளர் சேவைக்கு எழுதிக் கேட்டேன். விண்டோஸில் முயன்று பாருங்கள் என்று பதில் வந்தது.

நண்பனிடம் வாங்காதே என்று சொல்லிவிட்டேன். "அப்படின்னா உன்னோடதை எனக்குக் கொடுத்துடு" என்றான். அதெல்லாம் முடியாது.