கிறீச்சிடும் கூண்டு: ஆறாண்டு அனுபவம்

சென்ற வாரம் நான்காவது முறையாக, மைக்கைக் காற்றிலிருந்து காக்கும் கூண்டின் ரப்பர் வளையங்களை மாற்றினேன். காட்டுயிர் ஆவணப்பட ஒலிப்பதிவுக்கு வர விரும்பும் தம்பி ஒருவர், அதே கூண்டு விலை இறங்கியிருக்கிறது, வாங்கலாமா அண்ணே என்று கேட்டதும் அதே வாரத்தில்தான். ஆகவே இதில் கோபம் சற்றுத் தூக்கலாக இருந்தால் பொறுத்துக்கொள்ள வேண்டும்.

மைக்கைப் பற்றி எனக்கு ஒரு குறையும் இல்லை. செனைசர் எம்.கே.எச். 416, உள்ளே உயர் அலைவெண் மின்சுற்றில் இயங்குவதால், மற்றக் கண்டென்சர் மைக்குகள் ஈரம் ஏறியதும் சடசடவெனப் பொரிவதைப் போல எளிதில் பொரிவதில்லை. மலேசியாவின் தெமெங்கோர்க் காட்டில் விடியற்காலைப் பனியில் சட்டையைப் பிழிந்து உடுத்திய நாள்களிலும் அது என்னைக் கைவிட்டதில்லை.

அதைத் தாங்கும் காற்றுத்தடுப்புக் கூண்டுதான் என் வயிற்றெரிச்சல். கையின் அசைவு மைக்கை எட்டாதிருக்க ரப்பர் வளையங்களில் அதைத் தொங்கவிட்டிருக்கிறார்கள். யோசனை நல்லது, காற்றையும் அருமையாகத் தடுக்கிறது. ஆனால் நம் ஊர் வெக்கையில் ஒன்றரை ஆண்டுக்குள் வளையங்களின் குறுக்கே மயிரிழை வெடிப்புகள் ஓடி, கூண்டைத் திருப்பினாலே கிறீச்சிடத் தொடங்கிவிடுகின்றன. கேமராக்காரர் தொலைவில் நின்றே நீண்ட லென்ஸால் இழுத்துக்கொள்வார். ஒலிக்கு அந்த வசதி கிடையாது, நாம்தான் மரத்தடிக்குப் போக வேண்டும்.

மலாய்க்காரர்கள் 'தெபாங் மெந்துவா' என்றழைக்கும் இருவாச்சி, மாமியார் வீட்டுத் தூணைக் கோடரியால் வெட்டும் மருமகனைப் போல விட்டுவிட்டுக் கூவி, வேகம் கூடிக்கூடி, இறுதியில் வெடித்துச் சிரிக்கும். கடந்த ஆண்டு மூன்று நாள் காத்திருந்து அந்தக் கூவலை முழுதாகப் பிடித்தேன். சிரிப்பு தொடங்கிய நொடியில் ஹெட்போனுக்குள் கதவுக் கீலைப் போல ஒரு கிறீச். வெறும் தாழ்ந்த அதிர்வோசையாயிருந்தால் 80 ஹெர்ட்ஸுக்குக் கீழுள்ள ஒலியை வெட்டி எறிந்திருப்பேன். இதுவோ பறவையின் குரலோடு பின்னிக்கொண்டது. விற்றவர்களிடம் முறையிட்டதற்கு, வெப்ப நாடுகளில் அப்படித்தான் என்று ஒரு வரியில் பதில் வந்தது.

சுங்கை சிப்புட் பக்கத்து ரப்பர் தோட்டமொன்றில் முப்பது ஆண்டுகள் பால்மரம் சீவிய அப்பா, கழற்றிய வளையத்தை விரலில் மாட்டிப் பார்த்துவிட்டு, "எந்நேரமும் இழுத்தே வெச்சிருந்தா வெடிக்காம என்ன செய்யும்?" என்றார். சரிதான், இழுபட்ட நிலையிலுள்ள இயற்கை ரப்பரைக் காற்றிலுள்ள ஓசோன் குறுக்கே பிளந்துவிடும். எனவே இம்முறை பம்பு பழுதுபார்க்கும் கடையில் சிலிக்கோன் வளையங்களை வாங்கி மாட்டினேன். ரப்பர் சோறு போட்ட வீட்டில் இது தேவையா என்பது போல அப்பா பார்த்தார், கிறீச்சொலி நின்றுவிட்டது.

தம்பிக்கு என் பதில்: வாங்க வேண்டாம். ஆனாலும், காற்றை இவ்வளவு நன்றாகத் தடுப்பது இந்த விலைக்கு வேறெதுவும் என் கைக்கு அகப்படாததால், நேற்று நானே இன்னொன்றுக்குப் பணம் கட்டிவிட்டேன். அதற்கும் சேர்த்து எட்டு சிலிக்கோன் வளையங்கள் மேசை இழுப்பறையில் இருக்கின்றன.