அரைக் கிலோ காப்பர் கம்பியில் எதைச் சுற்றலாம்: சோலினாய்டா, டொராய்டா, ஹெல்ம்ஹோல்ட்ஸ் ஜோடியா?

மோட்டார் வைண்டிங் கம்பிக்கு மதுரையில் பஞ்சமே இல்லை. மேலூர், திருமங்கலம், உசிலம்பட்டிப் பக்கம் எரிந்துபோன போர்வெல் மோட்டார்கள் காயில் கட்ட வருகிற கடைகளில் 20 கேஜ் எனாமல் காப்பர் கம்பியை எடைபோட்டு வாங்கிவிடலாம். அரைக் கிலோவுக்கு 80 மீட்டருக்குக் கொஞ்சம் மேலேயே வரும். பிளஸ் டூ பிராஜெக்டுக்கோ பி.எஸ்சி. செய்முறைக்கோ அதை எந்த வடிவத்தில் சுற்றுவது என்பதில்தான் குழப்பம்: நேர்க் குழாயில் சுற்றும் சோலினாய்டா (பாடநூலில் வரிச்சுருள்), வளையமாகச் சுற்றும் டொராய்டா, எதிரெதிரே நிற்கும் இரண்டு வளையச் சுருள்களான ஹெல்ம்ஹோல்ட்ஸ் ஜோடியா?

மாணவர்கள் முதலில் கேட்பது "எதில் காந்தப்புலம் அதிகமாக வரும்?" என்றுதான். நான் அந்தக் கேள்வியைக் கொஞ்சம் தள்ளி வைப்பேன். உள்ளே இருக்கும் புலத்தைக் கரண்டைக் கூட்டிக் குறைத்துச் சரிக்கட்டிக்கொள்ளலாம். சுருளுக்கு வெளியே எவ்வளவு கசிகிறது, எப்படிக் கசிகிறது என்பது வடிவத்தோடு பிறந்தது. அதைப் பார்த்துத்தான் தேர்ந்தெடுக்க வேண்டும். ஒப்பீடு நியாயமாக இருக்க எல்லாவற்றுக்கும் ஒரே கம்பி, ஒரே 1 ஆம்பியர் என்று வைத்துக்கொள்வோம்.

நீளமான சோலினாய்டு

50 மி.மீ. பிவிசி பைப்பில் அரை மீட்டர் துண்டு. எனாமலோடு சேர்த்துக் கம்பி ஏறக்குறைய ஒரு மி.மீ. தடிமன் என்பதால், நெருக்கிச் சுற்றினால் ஒரே அடுக்கில் 500 சுற்று பிடிக்கும். மின்தடை சுமார் 2 ஓம். 1 ஆம்பியருக்கு நடுவில் 1.25 மில்லிடெஸ்லா வரும். மதுரையில் பூமியின் காந்தப்புலம் சுமார் 0.04 மில்லிடெஸ்லா. அதைப்போல் முப்பது மடங்கு.

பாடநூலில் வரிச்சுருளுக்குப் போட்டிருக்கும் μ₀nI என்ற சூத்திரம் (n என்பது மீட்டருக்கு எத்தனை சுற்று, I கரண்ட், μ₀ ஒரு மாறிலி) முடிவில்லா நீளத்துக்கானது. ஆனால் நீளம் விட்டத்தைப்போல் பத்து மடங்கு இருக்கும் இந்தக் குழாயிலேயே அது நடுவில் 99.5 சதவீதம் பொருந்துகிறது. நடுவிலிருந்து முனையை நோக்கிப் பாதி தூரம் போனாலும் அச்சில் புலம் ஒரு சதவீதம்கூடக் குறையாது. முனைக்கு வந்ததும் சரிபாதி ஆகிவிடும். சீரான புலம் வேண்டுமென்றால் இவ்வளவு மலிவாக வேறு எதிலும் கிடைக்காது.

வெளியே பூச்சியம் என்று படித்திருப்போம். அதைச் சோதித்துப் பார்க்க மதுரை நல்ல ஊர். காந்த நடுக்கோடு தமிழகத்தின் தென்கோடியை ஒட்டிப் போவதால், இங்கே பூமியின் புலம் கிட்டத்தட்ட கிடைமட்டமாகவே இருக்கிறது. சாய்வு சில டிகிரிதான். குழாயைக் கிழக்கு மேற்காக மேஜையில் வைத்து, அதன் நடுப்பகுதிக்குப் பக்கவாட்டில், அச்சின் உயரத்திலேயே, குழாயை ஒட்டி ஒரு திசைகாட்டியை வையுங்கள். 2 ஆம்பியர் விட்டால் உள்ளே 2.5 மில்லிடெஸ்லா. ஒரு முனையில் வெளியேறி மறுமுனைக்குத் திரும்பி வரும் காந்தக் கோடுகளால் பக்கவாட்டில் அதில் அரை சதவீதம் இருக்கும், அதாவது சுமார் 12 மைக்ரோடெஸ்லா. பூமியின் 40-க்கு எதிரே இந்த 12 முள்ளை ஏறக்குறைய 17 டிகிரி திருப்பிவிடும். பூச்சியம் என்று சொன்ன இடத்தில் முள் அசைவதைப் பார்க்கும் மாணவனுக்கு, "முடிவில்லா நீளம்" என்ற நிபந்தனை எதற்காகப் போடப்பட்டது என்பது அந்த நிமிடமே விளங்கிவிடும்.

திசைகாட்டியைக் குழாயின் தலைக்கு மேலே வைத்தால் வேறு ஒன்றும் சேர்ந்துகொள்ளும். ஒற்றை அடுக்குச் சுருளில் கரண்ட் சுற்றிச் சுற்றிப் போனாலும், மொத்தத்தில் ஒரு முனையிலிருந்து மறுமுனைக்குத்தானே போகிறது? எனவே வெளியே நிற்பவருக்கு அது ஒரு நேர்க்கம்பி போலவும் தெரியும். அச்சிலிருந்து 4 செ.மீ. தூரத்தில் 2 ஆம்பியருக்கு 10 மைக்ரோடெஸ்லா. இந்தப் புலம் பக்கவாட்டில் செங்குத்தாக நிற்பதால் அங்கே முள்ளை இழுக்காது. மேலே வைத்தால் இழுக்கும். கம்பியின் மறுமுனையைக் குழாயை ஒட்டியே திருப்பிக் கொண்டுவந்துவிட்டால் இந்தத் தொல்லை பெருமளவு நீங்கும்.

இனி மின்புலம். நேர்மின்னோட்டம் ஓடும் சோலினாய்டில் மின்புலமே இல்லை என்று பலர் எழுதிவிடுகிறார்கள். இருக்கிறது. 2 ஆம்பியருக்கு இரு முனைகளுக்கிடையே 4 வோல்ட். அந்த மின்னழுத்தம் அரை மீட்டர் நீளத்தில் படிப்படியாகச் சீராக இறங்குகிறது. ஆகவே குழாய்க்குள் அச்சின் வழியே மீட்டருக்கு 8 வோல்ட் மின்புலம் நிற்கிறது. காந்தப்புலம் இருக்கும் அதே அச்சில் மின்புலமும்! கம்பியின் மேற்பரப்பில் சேர்ந்திருக்கும் மின்னூட்டங்கள் செய்யும் வேலை இது.

மாறுமின்னோட்டம் விட்டால் கதை இன்னும் சுவை. 50 ஹெர்ட்ஸில் 1 ஆம்பியருக்கு இந்தக் குழாயைச் சுற்றும் ஒரு சுற்றில் 0.78 மில்லிவோல்ட் தூண்டப்படும். 100 சுற்றுள்ள இரண்டு சோதனைச் சுருள்கள் செய்துகொள்ளுங்கள்: ஒன்று 6 செ.மீ. விட்டம், இன்னொன்று 20 செ.மீ. இரண்டையும் ஒவ்வொன்றாகக் குழாயின் நடுவில் மாட்டி அளந்தால் சிறியது 77 மில்லிவோல்ட் காட்டும், பெரியது 72. பெரிய சுருளின் கம்பி ஓடுகிற இடத்தில் காந்தப்புலம் அநேகமாக இல்லவே இல்லை. ஆனாலும் அதிலுள்ள எலக்ட்ரான்களை வட்டமாகத் தள்ளுகிற மின்புலம் அங்கே இருக்கிறது. தூரம் கூடக்கூட மின்புலம் குறைகிறது; அதே விகிதத்தில் சுற்றளவு கூடுகிறது; அதனால் மொத்த வோல்ட் மாறுவதில்லை. அந்த 5 மில்லிவோல்ட் குறைவதற்குக் காரணம், திரும்பி வரும் கோடுகளில் கொஞ்சம் பெரிய வட்டத்துக்குள் எதிர்த்திசையில் விழுவதுதான். ஃபாரடே விதி பொதிந்திருப்பது இந்த இரண்டு எண்களில்தான் என்பேன்.

இரண்டு எச்சரிக்கைகள். மலிவான மல்டிமீட்டர்களில் ஏசி அளவு 200 வோல்ட் வரம்பிலிருந்துதான் தொடங்கும், அதில் இதெல்லாம் தெரியாது. ஏசி மில்லிவோல்ட் காட்டும் மீட்டரை ஆய்வகத்தில் கேட்டு வாங்குங்கள். இந்தச் சுருளை எக்காரணம் கொண்டும் நேராக 230 வோல்ட் சாக்கெட்டில் சொருகக் கூடாது. மொத்த மின்மறுப்பே 2 ஓம் சொச்சம்தான், நூறு ஆம்பியருக்கு மேல் இழுக்கும். 6 வோல்ட் டிரான்ஸ்ஃபார்மர், தொடரில் ஒரு ரியோஸ்டாட் போதும்.

குட்டைச் சுருளும் இரும்பும்

அதே கம்பியை 10 செ.மீ. நீளத்தில் ஐந்து அடுக்காகச் சுற்றினால் நடுவில் 1 ஆம்பியருக்கு 5 மில்லிடெஸ்லாவுக்கு மேல் கிடைக்கும். நான்கு மடங்கு லாபம் போலத் தெரியும். நடுவிலிருந்து இரண்டரை செ.மீ. நகர்ந்தாலே புலம் 8 சதவீதம் இறங்கிவிடும். வெளியே கசிவும் அதிகம். ஆணியை இழுத்துக் காட்ட மட்டும் இது சரி.

இரும்பு வைத்தால் ஆயிரக்கணக்கான மடங்கு கூடும் என்ற நம்பிக்கை பரவலாக இருக்கிறது. திறந்த இரும்புத் தண்டில் அப்படி நடப்பதில்லை. தண்டின் முனைகளில் உருவாகும் துருவங்கள் உள்ளே எதிர்ப்புலத்தை உண்டாக்கும். நீளம் விட்டத்தைப்போல் பத்து மடங்கு என்றால், இரும்பு எவ்வளவு நல்லதானாலும் 50 மடங்கு அளவில்தான் நிற்கும். கசிவும் கூடவே 50 மடங்காகும். ஏசியில் முழுத் தண்டு சூடாகிக் கொதிக்கும். சுழல் மின்னோட்டங்களால் புலம் இரும்பின் தோலைத் தாண்டி உள்ளே போகவே போகாது. இரும்பு வேண்டுமென்றால் கட்டடச் சாமான் கடையில் கிடைக்கும் கட்டுக்கம்பியை நேராக்கி, துண்டாக நறுக்கி, வார்னிஷ் தடவிக் கட்டாகக் கட்டி உள்ளே செருகுங்கள்.

இரும்பின் முழுப் பலன் வேண்டுமானால் கோடுகள் காற்றுக்கு வராமல் இரும்புக்குள்ளேயே ஒரு சுற்று முடிய வேண்டும். அதற்கு உதாரணம் மதுரையிலேயே இருக்கிறது. நியூட்ரினோ ஆய்வுத் திட்டத்துக்கு முன்மாதிரியாக இங்கே நிறுவப்பட்ட மினி-ஐகால் கருவி 85 டன் இரும்புத் தகடுகளால் ஆனது. தகடுகளை ஊடுருவிச் சுற்றிய காப்பர் சுருள்கள் அந்த இரும்பில் 1 டெஸ்லாவுக்கு மேல் புலம் எழுப்புகின்றன. ஜெனிவா அருகே செர்ன் ஆய்வகத்தின் சி.எம்.எஸ். கருவியோ 6 மீட்டர் விட்டமுள்ள சோலினாய்டு, 3.8 டெஸ்லா, மின்தடையே இல்லாத மீகடத்தி என்பதால் முடிகிறது. அங்கேயும் வெளியே திரும்பும் புலத்தைத் தாங்கப் பல ஆயிரம் டன் இரும்பைச் சுற்றிலும் அடுக்கியிருக்கிறார்கள்.

டொராய்டு

அதே அரை மீட்டர் குழாயை வளைத்து முனையோடு முனை சேர்த்தால் டொராய்டு. சராசரி ஆரம் 8 செ.மீ. நடுக்கோட்டில் அதே 1.25 மில்லிடெஸ்லா. ஆனால் சீர்மை போய்விடும்: உள்விளிம்பில் 45 சதவீதம் அதிகம், வெளிவிளிம்பில் கால்வாசி குறைவு. கையால் சுற்றுவதும் பெரும்பாடு. ஒவ்வொரு சுற்றுக்கும் மொத்தக் கம்பியும் ஓட்டைக்குள் போய் வர வேண்டும். உள்விளிம்பின் சுற்றளவு 35 செ.மீ.கூட இல்லை, அதனால் 500 சுற்று அங்கே ஒரே அடுக்கில் உட்காராது, ஒன்றன்மேல் ஒன்று ஏறும். வைண்டிங் கடை அண்ணன் ஒருவரிடம் இதைச் சுற்றித்தரக் கேட்டபோது, "தம்பி, நேர்க் குழாய்னா மதியத்துக்குள்ள முடிச்சுத் தந்துருவேன். வளையம்னா ஷட்டில்ல கம்பிய ஏத்தி ஒவ்வொண்ணா இழுக்கணும், கூலி கட்டாது" என்றார். அவர் சொன்னது சரிதான்.

இவ்வளவு பாடுபட்டு என்ன கிடைக்கிறது? முனைகளே இல்லாததால் முனைக் கசிவு இல்லை. டொராய்டை ஒருமுறை கோத்துக்கொண்டு போகும் எந்தக் கம்பியிலும், அந்தக் கம்பி எவ்வளவு பெரிய வளையமாக இருந்தாலும், தூண்டப்படும் வோல்ட் ஒன்றே. மேலே பார்த்த 5 மில்லிவோல்ட் குறை இங்கே வராது. ஃபாரடே 1831 ஆகஸ்டில் மின்காந்தத் தூண்டலைக் கண்டதும் இரும்பு வளையத்தில் சுற்றிய சுருள்களில்தான்.

வெளியே காந்தப்புலம் முழுப் பூச்சியமா என்றால், இங்கேயும் இல்லை. சுருள் வளையத்தைச் சுற்றி ஒருமுறை நகர்வதால், வெளியிலிருந்து பார்த்தால் 8 செ.மீ. ஆரமுள்ள ஒற்றைச் சுற்றுப் போலத் தெரியும். 2 ஆம்பியருக்கு ஓட்டையின் மையத்தில் சுமார் 16 மைக்ரோடெஸ்லா. சோலினாய்டின் பக்கவாட்டுக் கசிவைவிட இது அதிகம்! வளையத்தையொட்டி ஒரு கம்பியை எதிர்த்திசையில் ஒரு சுற்றுத் திருப்பிக் கொண்டுவந்தால் இது பெரும்பாலும் அடங்கிவிடும். டொராய்டு சுற்றுபவர்கள் இந்த ஒரு சுற்றை மறந்துவிட்டு, "வெளியே பூச்சியம்" என்று சார்ட் பேப்பரில் எழுதி வைத்துவிடக் கூடாது.

கசிவு எவ்வளவு பெரிய விஷயம் என்பதற்கு இயற்பியல் வரலாற்றிலேயே சான்று இருக்கிறது. காந்தப்புலமே இல்லாத இடத்தில் போகும் எலக்ட்ரான்களையும் சுருளுக்குள் அடைபட்ட காந்தப்பாயம் பாதிக்கும் என்று இயற்பியலாளர்கள் அகரனோவும் போமும் 1959-ல் எழுதினார்கள். நீளமான காந்தங்களை வைத்துச் செய்த தொடக்கச் சோதனைகளை, "முனையில் கசிந்த புலம் செய்த வேலையாக இருக்கும்" என்று சொல்லிச் சிலர் ஏற்க மறுத்தார்கள். 1986-ல் டொனோமுரா குழுவினர் நுண்ணிய காந்த வளையம் ஒன்றை மீகடத்தியால் மூடிச் செய்த சோதனைதான் அந்த வாதத்துக்கு வலுவான பதிலாக அமைந்தது. வளையத்துக்காக நான் பரிந்து பேசும் ஒரே இடம் இது: கசிவைப் பற்றி யாரும் கேள்வி எழுப்பக் கூடாது என்றால் டொராய்டு.

ஹெல்ம்ஹோல்ட்ஸ் ஜோடி

10 செ.மீ. ஆரத்தில் இரண்டு வளையங்கள், ஒன்றுக்கொன்று அதே 10 செ.மீ. தூரத்தில், தலா 62 சுற்று. அதே கம்பிதான். நடுவில் 1 ஆம்பியருக்கு 0.56 மில்லிடெஸ்லா, அதாவது சோலினாய்டில் பாதிகூட இல்லை. வெளியே கசிவோ தாராளம். ஆனால் நான்கு பக்கமும் திறந்திருக்கும். திசைகாட்டி, காந்தப்புலத்தை அளக்கும் ஹால் உணரி, கை என எதையும் உள்ளே விடலாம்.

நம் ஊர்க்காரர்களுக்கு இதில் ஒரு தனி வசதி உண்டு. அச்சை வடக்கு தெற்காக வைத்து 70 மில்லி ஆம்பியர் அளவில் எதிர்த்திசையில் விட்டால், நடுவில் பூமியின் புலம் அநேகமாக முழுதும் அழிந்துவிடும். முள் எந்தத் திசையிலும் நிற்காமல் தடுமாறும். டெல்லியில் பூமியின் புலம் 40 டிகிரிக்கு மேல் கீழ்நோக்கிச் சாய்ந்திருப்பதால் மேஜையில் மட்டமாக வைத்த ஜோடி பாதி வேலைதான் செய்யும். மதுரையில் சாய்க்கவே தேவையில்லை.

ஒன்றே ஒன்று என்றால் நான் நீளமான சோலினாய்டைத்தான் சுற்றச் சொல்வேன். அதன் கசிவு அளக்க முடிகிற அளவுக்குப் பெரியது, சூத்திரத்தைக் கெடுக்காத அளவுக்குச் சிறியது. இரண்டாவதாகச் செய்ய மனமிருந்தால் ஹெல்ம்ஹோல்ட்ஸ். அதற்காகச் சோலினாய்டை அவிழ்த்து அதே கம்பியில் சுற்ற வேண்டாம். அவிழ்க்கும்போது கம்பி முறுக்கிக்கொண்டு எனாமல் கீறிவிடும். கீறிய இரண்டு சுற்றுகள் தொட்டுக்கொண்டால் டிசியில் பெரிதாகத் தெரியாது, உள்ளே இரும்பு செருகி ஏசி விட்டால் அந்த ஒரு சுற்று டிரான்ஸ்ஃபார்மரின் ஷார்ட் ஆன செகண்டரி போல மாறிச் சூடேறும். இன்னோர் அரைக் கிலோ புதுக்கம்பி வாங்கிவிடுங்கள்.