ஜான் லாரிக்காகவே வாங்கலாம் இந்த டிவிடியை

லண்டனில் இருக்கும் மச்சான் பாம்பனுக்கு வரும்போது 'தி எட்ஜ் ஆஃப் தி வேர்ல்ட்' டிவிடியை வாங்கி வரச் சொல்லியிருந்தேன். மைக்கேல் பவல் இயக்கி 1937-இல் வந்த கறுப்பு வெள்ளைப் படம். முதலிலேயே ஒன்று சொல்லிவிடுகிறேன், டிவிடிக்கு நாட்டுக்கு நாடு மண்டல எண் உண்டு, வந்தது மண்டலம் 2 டிஸ்க், நம் நாட்டுக்கு மண்டலம் 5, அதனால் வீட்டு பிளேயரில் ஓடவே இல்லை, கடைசியில் பழைய லேப்டாப்பில் விஎல்சி மென்பொருள் போட்டுத்தான் பார்த்தோம். பேச்சும் ஸ்காட்லாந்துச் சாயல், காது பழகக் கொஞ்ச நேரம் ஆகும்.

நான் கேட்டு வாங்கியது ஜான் லாரிக்காக. 1897-இல் பிறந்த ஸ்காட்லாந்து நடிகர். ஹிட்ச்காக்கின் 'தி 39 ஸ்டெப்ஸ்' பார்த்தவர்களுக்கு அந்தக் குடியானவர் மறக்காது. சாப்பிட உட்கார்ந்து ஜெபம் சொல்வார், வாய் அதுபாட்டுக்குச் சொல்லிக்கொண்டிருக்கும்போதே கண் மட்டும் திறந்து, மனைவியும் வந்த விருந்தாளியும் ஒருவரையொருவர் பார்ப்பதைப் பிடித்துவிடும். வருவதே கொஞ்ச நேரம்தான், ஆனால் அந்த வீட்டில் அவள் படுகிற பாடு முழுக்க அந்த ஒரு பார்வையில் தெரிந்துவிடும். நடிகர், இயக்குநர் லாரன்ஸ் ஒலிவியேவின் மூன்று ஷேக்ஸ்பியர் படங்களிலும் இருக்கிறார், மூன்றிலும் சின்ன வேடம்தான். பிபிசியில் 'டாட்ஸ் ஆர்மி' நகைச்சுவைத் தொடர் 1968-இல் தொடங்கி, பிணப்பெட்டிக்காரர் ஃப்ரேசராக வந்த பிறகுதான் பிரிட்டனில் வீட்டுக்கு வீடு தெரிந்த முகமானார். அப்போது வயது 71!

இந்தப் படத்தில் அவர் ஓரமாக நிற்கவில்லை. ஊரே கிளம்பினாலும் நான் போகமாட்டேன் என்று நிற்கிற தகப்பன் பீட்டர் மேன்சன். ஸ்காட்லாந்தின் செயின்ட் கில்டா தீவில் மிஞ்சியிருந்த 36 பேரும் 1930-இல் ஊரைக் காலி செய்து போனார்கள், அந்தச் செய்திதான் கதைக்கு வித்து. எடுத்தது ஸ்காட்லாந்தின் இன்னொரு தீவான ஃபௌலாவில். கதையை இதற்கு மேல் சொல்லமாட்டேன்.

எங்கள் அப்பத்தா தனுஷ்கோடியில் பிறந்து 1964 புயலுக்கு அப்புறம் பாம்பன் வந்தவர். இங்கிலீஷ் ஒரு வார்த்தை தெரியாது, ஆனால் தட்டுமுட்டுச் சாமான்களோடு சனங்கள் படகு ஏறுகிற இடத்தில் வெற்றிலை இடிப்பதை நிறுத்திவிட்டு, "அந்தப் பெரியவர் ஏறமாட்டாருடா" என்றார். லாரி அப்போது வசனம்கூடப் பேசவில்லை.

டிஸ்க்கில் இன்னொரு துண்டுப் படமும் இருக்கிறது, என்னைக் கேட்டால் காசு அதற்கே தகும். நாற்பது வருடம் கழித்து, 1978-இல், பவல் அன்று கூட இருந்தவர்களை அழைத்துக்கொண்டு அதே ஃபௌலாவுக்குத் திரும்புகிறார், கூடவே 81 வயது லாரி. முதல் படத்தைப் பார்த்த கையோடு இதையும் போடுங்கள், அதே கண், அதே புருவம், முகம் மட்டும் தளர்ந்திருக்கிறது. இரண்டு வருடத்தில் இறந்துவிட்டார் என்று தெரிந்தே பார்த்ததால் எனக்குத் தொண்டை அடைத்துவிட்டது.

தங்கச்சிமடம் சித்தப்பாவும் அந்தப் புயலில் தனுஷ்கோடியை விட்டு வந்தவர்தான், அவருக்கும் ஒன்று வாங்கி வரச் சொல்லி மச்சானிடம் சொல்லியாயிற்று.