அசுந்தா ஸ்பீனா டிவிடி: 118 ரிங்கிட்டுக்கு ஒரு டோபிக்காரி

முதலில் குறையைச் சொல்லிவிடுகிறேன். ‘அசுந்தா ஸ்பீனா’ என்ற பழைய இத்தாலியப் படத்துக்காக நான் வாங்கியது ஐரோப்பாவுக்கான மண்டலம் 2 வட்டு, நம் மலேசியாவில் விற்கும் பிளேயர்கள் மண்டலம் 3. டிவிடிகளை உலகப் பகுதிவாரியாகப் பூட்டி விற்கிறார்கள், ஒரு மண்டலத்து வட்டு இன்னொரு மண்டலத்து பிளேயரில் பொதுவாக ஓடாது. விற்ற இணையக் கடை இதைப் பற்றி ஒரு வார்த்தை போடவில்லை. தபால் செலவோடு 118 ரிங்கிட் கட்டி, மூன்று வாரம் காத்திருந்து, பினாங்கு ஆயர் ஈத்தாமில் பாட்டி வீட்டு பிளேயரில் ஆசையாகப் போட்டால் படமே வரவில்லை, தட்டு மட்டும் வெளியே வந்து நாக்கை நீட்டியது. கடைசியில் தம்பியின் மடிக்கணினியை டிவியில் மாட்டித்தான் பார்த்தோம். வாங்குகிறவர்கள் இதை முதலில் கேட்டுக்கொள்ளுங்கள்.

சரி, படத்துக்கு வருவோம். 1915இல் நேப்பிள்ஸ் நகரத் தெருக்களிலேயே எடுத்த ஊமைப்படம். சல்வாத்தோரே தி ஜாக்கோமோ எழுதிய நாடகம்தான் மூலம். நாயகி அசுந்தாவாக பிரான்செஸ்கா பெர்த்தீனி, பிறந்தது ஃப்ளோரன்ஸ், வளர்ந்தது நேப்பிள்ஸ், அதனால் அந்தச் சந்துகளில் அவள் நடக்கும்போது வெளியூர் நடிகை வேஷம் போட்ட மாதிரியே தெரியவில்லை. அசுந்தாவுக்குத் துணி வெளுத்து இஸ்திரி போடும் தொழில். அதைச் சொன்னதும் பாட்டி மூக்குக்கண்ணாடியைத் தேட ஆரம்பித்துவிட்டார். அவர் பிறந்தது இங்கே சலவைத் தொழிலாளர்கள் வாழ்ந்த ‘டோபி காட்’டில், ராமர் கோயில் பக்கத்தில். கரிப்பெட்டி தூக்கித் தூக்கிக் கை காய்த்த குடும்பம் எங்களுடையது.

அசுந்தாவுக்கு நிச்சயித்த மிக்கேலே ஒரு இறைச்சிக்கடைக்காரன், சந்தேகப்பிராணி. யாரோ எழுதிய மொட்டைக் கடுதாசியை நம்பிக் கொதித்துக்கொண்டிருக்கிறவன், அவள் பழைய ஆளோடு ஒரு நடனம் ஆடியதற்காக அவள் முகத்தைக் கிழித்துவிடுகிறான். இவளோ கோர்ட்டில் ஏறி நின்று அவனைக் காப்பாற்றப் பொய் சொல்கிறாள். "அட கூறுகெட்டவளே" என்று பாட்டி சத்தமாகவே திட்டினார். பொய் எடுபடவில்லை, அவனுக்குச் சிறை. அவனை வேறு ஊர்ச் சிறைக்கு அனுப்பாமல் இருக்கக் கோர்ட் ஆள் ஒருவன் கேட்கும் விலை என்ன என்பதை நான் இங்கே எழுதப்போவதில்லை, பாட்டிக்கு அவன் தொப்பியைக் கழற்றும்போதே புரிந்துவிட்டது.

இந்த வட்டை வாங்கத் தகுந்ததாக ஆக்குவது பெர்த்தீனியின் நடிப்புதான். ஊமைப்படம் என்றால் கண்ணை உருட்டி, நெஞ்சில் அடித்துக்கொண்டு, திரைச்சீலையைப் பிடித்துச் சரிவது என்று நினைப்போம், அந்தக் கால இத்தாலியில் அப்படியும் ஒரு பாணி இருந்தது. லீதா பொரெல்லி என்ற இன்னொரு பெரிய நட்சத்திரம் கையை வளைத்து, உடம்பை நெளித்து நிற்பதைப் பார்த்து நகரத்துப் பெண்களெல்லாம் அதே மாதிரி நிற்க ஆரம்பித்து, அதற்கு ‘பொரெல்லிஸ்மோ’ என்று பெயரே வைத்துவிட்டார்கள். பெர்த்தீனி வேறு படங்களில் பட்டும் முத்தும் போட்டு அந்தப் பக்கமும் போனவள்தான். ஆனால் இதில் ஒரு சால்வை மட்டும். அதை இழுத்துப் போர்த்துவதிலும் நழுவவிடுவதிலும் பாதி வசனம் முடிந்துவிடுகிறது. காட்சிகளுக்கு நடுவே வரும் இத்தாலிய எழுத்து அட்டைகளைப் பாட்டிக்கு நான் மொழிபெயர்க்கத் தொடங்கி, பத்தாவது நிமிடத்தில் "நீ சும்மா இரு, எனக்குத் தெரியுது" என்று வாங்கிக் கட்டிக்கொண்டேன்.

இயக்குநர் என்று பெயர் இருப்பது குஸ்தாவோ செரேனாவுக்கு, மிக்கேலேயாக நடித்தவரும் அவரே. ஆனால் படத்தை இயக்கியதில் பெரும்பங்கு தன்னுடையது என்று பெர்த்தீனி முதுமையில் சொல்லிக்கொண்டிருந்தார். எனக்கு அதை நம்பத்தான் தோன்றுகிறது, அவள் நிற்கும் இடத்துக்குத்தான் கேமரா ஒவ்வொரு தடவையும் வந்து நிற்கிறது.

அந்தப் புகழின் உச்சியில், 1921இல் பெர்த்தீனி சுவிட்சர்லாந்து வங்கிக்காரர் ஒருவரைக் கல்யாணம் செய்துகொண்டார். ஹாலிவுட்டின் ஃபாக்ஸ் நிறுவனம் கூப்பிட்டும் போகவில்லை. பொரெல்லியும் 1918இல் ஒரு தொழிலதிபரைக் கட்டிக்கொண்டு ஒரேயடியாக விலகிவிட்டார், நம் ஊர்ப் பழைய நடிகைகள் கதை மாதிரியேதான். பெர்த்தீனி மட்டும் அவ்வப்போது எட்டிப் பார்த்தார், கடைசியாக 1976இல் இயக்குநர் பெர்தொலூச்சியின் ‘நோவெசெந்தோ’ படத்தில் ஒரு கன்னியாஸ்திரியாக. 1985இல் ரோமில் இறந்தார்.

படத்தின் தரம்? நூறு வயது தாண்டிய படம், கீறல் இருக்கிறது, சில இடங்களில் வெளிச்சம் துடிக்கிறது. எனக்கு அது உறுத்தவில்லை. ஒரு மணி நேரத்துக்குச் சற்று மேல்தான் ஓடுகிறது, இடையில் ஒரு கிளாஸ் தேத்தண்ணி போதும். ஆனால் பெட்டிக்குள் இருக்கும் கையேட்டின் எழுத்து எறும்பு அளவு, சாயங்கால வெளிச்சத்தில் படிக்க முடியாது.

மறுநாள் காலையில் பாட்டி வெற்றிலை மடித்துக்கொண்டே, கடைசியில் மிக்கேலே செய்த கொலையின் பழியையும் அசுந்தாவே ஏன் ஏற்றுக்கொண்டாள் என்று கேட்டார். எனக்குப் பதில் வரவில்லை. இப்போது பெர்த்தீனி ஆண் வேஷம் கட்டி, பியரோ என்ற வெள்ளை முகக் கோமாளியாக நடித்த 1914ஆம் ஆண்டுப் படத்தைத் தேடிக்கொண்டிருக்கிறேன். இந்தத் தடவை மண்டலம் எது என்று கேட்டுவிட்டுத்தான் காசு கட்டுவேன்.