நிழல் விழாத கோபுரமும் 400 ரூபாயும்

ஆறு வருஷம் கழித்துத் தஞ்சாவூர். ஃப்ளைட், கார், தங்கல் எல்லாம் நன்றாகவே நடந்தது. அதில் எழுத ஒன்றுமில்லை. பெரிய கோயிலில் எங்களைப் பிடித்துக்கொண்ட கைடைப் பற்றி எழுதாமல் மட்டும் இருக்க முடியவில்லை.

டொராண்டோவில் பனிக்காலம் வந்தால் என் பையனுக்கு ஒரு கதை சொல்வேன். சி.என். டவர் 553 மீட்டர் இருந்துவிட்டுப் போகட்டும், எங்கள் ஊர்க் கோபுரத்துக்கு நிழலே தரையில் விழாது என்று. (கருவறைக்கு மேல் எழுவதால் விமானம் என்றுதான் சொல்ல வேண்டும்; ஊரில் யார் அப்படிச் சொல்கிறார்கள்?) எனக்குத் தாத்தா சொன்னது. மூன்றாம் வகுப்பில் கூட்டிப் போன வாத்தியாரும் அதையே சொன்னார். நாற்பது பேரும் அண்ணாந்து பார்த்தோம். ஒருத்தன்கூடக் குனிந்து தரையைப் பார்க்கவில்லை.

என் பையனுக்குப் பதினொரு வயசு. அவன் குனிந்தான்.

ஜூலைக் கடைசி, சாயங்காலம் நாலரை மணி. விரிப்பை விட்டுக் கல்தரையில் இறங்கினால் துள்ளத்தான் வேண்டும். கைடு விவரமானவர். சூடு குறைந்த இடமாகப் பார்த்து எங்களை நிறுத்திவிட்டு, "216 அடி சார், நிழல் தரையில விழவே விழாது" என்றார். நாங்கள் நின்றிருந்ததே அந்த நிழலில்தான்.

"அப்ப இது என்ன?" என்று பையன் காலடியைக் காட்டினான்.

"அது மேகத்து நிழல் தம்பி."

வானத்தில் மருந்துக்குக்கூட மேகம் இல்லை.

கனடாவில் என்றால் "தெரியலை, பார்த்துச் சொல்கிறேன்" என்றாவது சொல்வார்கள். அங்கே டவரில் ஏற வாங்குகிற காசை நினைத்தால் வாய் திறக்கக் கூடாதுதான். இங்கே உள்ளே போகக் காசே கிடையாது. ஆனாலும் பையன் என்னைப் பார்த்த பார்வை இருக்கிறதே! அந்தப் பொய்யில் எனக்கும் பங்கு உண்டே.

அடுத்து, உச்சியில் இருப்பது 80 டன் ஒற்றைக் கல், சாரப்பள்ளம் என்ற ஊரிலிருந்து சாரம் கட்டி ஏற்றியது என்றார். பல துண்டுகளைச் சேர்த்து அமைத்தது என்று ஆய்வாளர்கள் சொல்லி எவ்வளவோ காலமாகிவிட்டது. நந்தி வளர்ந்துகொண்டே போனதாம், தலையில் ஆணி அடித்து நிறுத்தினார்களாம். அது நாயக்கர் காலத்து நந்தி என்பதைச் சொல்லவில்லை.

கல்வெட்டைக் காட்டிக் கேட்டேன். "அதெல்லாம் படிக்க முடியாது சார், வாங்க" என்று நகர்ந்தார். இவ்வளவுக்கும் ராஜராஜன் தான் கொடுத்ததோடு அக்கன் (அக்காதான்) கொடுத்ததையும் மற்றவர்கள் கொடுத்ததையும் சேர்த்துக் கல்லிலே வெட்டச் சொன்ன கோயில் இது. ஆடல் பெண்கள் 400 பேருக்கும் பேர், எந்தத் தெருவில் எந்த வீடு என்பது வரை அதில் இருக்கிறது. 1010இல் முடிந்த கட்டடம்; கட்டிய பெருந்தச்சன் பேர்கூட அதில் இருக்கிறது. பையன் சனிக்கிழமைத் தமிழ் வகுப்புப் புண்ணியத்தில் சுவரில் ஒரு 'ட', ஒரு 'ப' கண்டுபிடித்துக் குதித்தான். கைடு கடிகாரத்தைப் பார்த்தார்.

பேசியது 400. "ஜிபே பண்ணுங்க சார்." என் போனில் கனடா நம்பர். 500 நோட்டை நீட்டினால் "சில்லறை இல்லையே." அது மட்டும் மாறவே இல்லை. நூறு ரூபாய் மேகத்துக்குப் போயிற்று.

வீட்டுக்கு வந்து அம்மாவிடம் பொரிந்து தள்ளினேன். அறுபது வருஷமாக இந்த ஊரில் இருப்பவள், காபியை ஆற்றிக்கொண்டே, "சாயங்காலம் போனா விழத்தாண்டா செய்யும். உச்சிவேளைக்குப் போயிருக்கணும்" என்றாள்.

யோசித்தால் அதில் விஷயம் இருக்கிறது. அடி அகலம், மேலே போகப் போகக் குறுகல்; சூரியன் தலைக்கு மேல் வரும் மாதங்களில் நடுப்பகலில் உச்சியின் நிழல் கட்டடத்தின் மேலேயே அடங்கிவிடும். யாரோ ஒருத்தர் அந்த நேரத்தில் போய்ப் பார்த்துச் சொன்னதைத்தான் நாங்கள் நாள் முழுக்க நீட்டிவிட்டோம் போலிருக்கிறது.

நாளைக்குப் பன்னிரண்டு மணிக்குப் போகலாம் என்கிறான் பையன். கால் பொசுங்கிவிடும் என்றேன்.

"சாக்ஸ் போட்டுக்கலாம்ப்பா."