முன்னாடியா, பின்னாடியா? கேம் மைக்கோடு மூன்று வருடம்

"முன்னாடி", "பின்னாடி". இரண்டுக்கும் முதல் எழுத்து மட்டும்தான் வித்தியாசம். எதிரி எந்தப் பக்கம் வருகிறான் என்று சொல்ல எங்கள் குழுவில் அதிகம் புழங்கும் சொற்களும் இவைதான். மூன்று வருடத்துக்கு முன்பு நான் எதைக் கத்தினாலும் நண்பர்களுக்குக் கேட்டது "ன்னாடி" மட்டும். "டேய், முன்னாடியா பின்னாடியா?" என்று ஒருவன் கேட்டு முடிப்பதற்குள் ஆட்டம் முடிந்திருக்கும். மைக்கை ஒழுங்குபடுத்தியே தீருவது என்று நான் உட்கார்ந்தது அதனால்தான்.

முதலில் மைக் மேல்தான் சந்தேகப்பட்டேன். அந்த எழுத்தை விழுங்கியது மைக் இல்லை, ஆட்டத்தின்போது நாங்கள் பேசிக்கொள்ளும் டிஸ்கார்டு செயலியில் நான் வைத்திருந்த வாய்ஸ் ஆக்டிவிட்டி. சத்தம் ஒரு குறிப்பிட்ட அளவைத் தாண்டினால்தான் அது மைக்கைத் திறந்துவிடும். மின்விசிறிச் சத்தம் போகக் கூடாது என்று அந்த அளவை நான் நிறைய உயர்த்தி வைத்திருந்தேன். அதனால் சொல்லின் தொடக்கம் வெளியே நின்றுவிட்டது, பாதிதான் உள்ளே போனது. சரி என்று அளவைக் குறைத்தால் விசிறியும் கீபோர்டும் சேர்ந்து போயின.

அப்புறம் புஷ் டு டாக்குக்கு மாறினேன். பட்டனை அழுத்திக்கொண்டு பேசுவதால் முதல் எழுத்து பிழைத்தது, கடைசிச் சொல் போனது. தமிழில் இது பெரிய ஆபத்து, ஏனென்றால் நாம் 'இல்லை' என்பதை வாக்கியத்தின் கடைசியில்தான் சொல்கிறோம். "மாடியில ஆள் இல்ல" என்று சொல்லும்போது விரல் ஒரு நொடி முந்திவிட்டால் அங்கே போய்ச் சேர்வது "மாடியில ஆள்". நண்பன் மாடியைப் பார்த்துத் துப்பாக்கியைத் திருப்பிக்கொண்டு நிற்பான், வாசல் வழியாக அடி வாங்குவான். பட்டனை விட்ட பிறகும் மைக் கொஞ்ச நேரம் திறந்திருக்க டிஸ்கார்டில் ஒரு தாமத அளவு இருக்கிறது. அதை 300 மில்லிநொடிக்கு வைத்தேன், 'இல்ல' முழுசாகப் போக ஆரம்பித்தது. இந்த மூன்று வருடத்தில் நான் செய்த மாற்றங்களில் காசே செலவில்லாமல் அதிகப் பலன் தந்தது இதுதான்.

இடையில் ஒரு புளூடூத் ஹெட்செட் வாங்கிப் பார்த்தேன். பாட்டுக் கேட்க அருமையாக இருந்தது. கேமில் மைக்கைத் திறந்தவுடன் எல்லாச் சத்தமும் பழைய டெலிபோனில் கேட்பது மாதிரி ஆகிவிட்டது. பொருள் பழுது என்று நினைத்து மாற்றப் போனேன், ஆனால் பழுது எதுவும் இல்லை. வழக்கமான புளூடூத்தில் நல்ல தரத்தில் பாட்டை அனுப்பும் ஏ2டிபி முறை ஒருவழிப் பாதை. மைக் வேண்டுமென்றால் ஹெட்செட் போன் பேசுவதற்கான ஹெச்எஃப்பி முறைக்கு மாறுகிறது. அதில் ஒலியை நொடிக்கு எத்தனை முறை அளக்கிறது என்ற சாம்ப்ளிங் வேகம் பெரும்பாலும் 8 அல்லது 16 கிலோஹெர்ட்ஸ்தான், அதுவும் மோனோ, அதாவது இரண்டு காதுக்கும் ஒரே ஒலி. மோனோ ஆனால் காலடிச் சத்தம் இடமா வலமா என்று காது சொல்லாது. கேமுக்கு அந்த ஹெட்செட்டை ஓரமாக வைக்க இந்த ஒரு காரணமே போதும். ஒயர் வேண்டாம் என்பவர்கள் கணினியில் சொருகும் சின்ன யூஎஸ்பி டாங்கிளோடு வரும் 2.4 கிகாஹெர்ட்ஸ் ஹெட்செட்டைப் பார்க்கலாம், அதில் இந்தத் தொல்லை இல்லை.

கடைசியில் ஒரு யூஎஸ்பி மைக்கில் வந்து நின்றேன். முன்பக்கச் சத்தத்தை அதிகமாகவும் பின்பக்கச் சத்தத்தைக் குறைவாகவும் எடுக்கும் கார்டியாய்டு வகை. வந்த முதல் மாதம் அதை மேசையில் அதன் சொந்த ஸ்டாண்டில், கீபோர்டுக்கு அந்தப் பக்கம், என்னைப் பார்த்து வைத்திருந்தேன். பார்க்க அழகாக இருந்தது. ஆனால் என் வாய்க்கும் மைக்குக்கும் 60 சென்டிமீட்டர், கீபோர்டுக்கும் மைக்குக்கும் 15 சென்டிமீட்டர். மைக்குக்கு முன்னால் உட்கார்ந்திருந்தது நான் இல்லை, கீபோர்டு. என் பேச்சைவிட கீ தட்டுவதுதான் நன்றாகக் கேட்கிறது என்று நண்பர்கள் சொன்னதில் வியப்பில்லை.

மைக்கைத் தாங்கும் மடங்கும் கை ஒன்றை வாங்கி மேசை ஓரத்தில் மாட்டி, மைக்கை இடப்பக்கத்திலிருந்து வாய்க்கு 15 சென்டிமீட்டரில் கொண்டுவந்தேன். கீபோர்டு மைக்கின் முதுகுப் பக்கம் போய்விட்டது. தூரம் பாதியாகும் ஒவ்வொரு முறையும் குரல் ஏறக்குறைய 6 டெசிபெல் கூடும். 60-லிருந்து 30, 30-லிருந்து 15. ஆக 12 டெசிபெல். அந்த அளவுக்குக் கெயினை, அதாவது மைக் ஒலியைப் பெருக்கும் அளவை, குறைத்தேன். என் குரல் பழைய அளவிலேயே இருந்தது, அறையின் இரைச்சல் மட்டும் 12 டெசிபெல் கீழே போனது. விலை உயர்ந்த மைக்கால் இது கிடைக்காது, நெருக்கத்தால்தான் கிடைக்கும்.

நெருங்கினால் புதிதாக ஒரு பிரச்சினை வரும். உள்ளங்கையை வாய்க்கு முன்னால் பிடித்துக்கொண்டு "முன்னாடி" என்று கத்திப் பாருங்கள், பிறகு "பின்னாடி". 'பி' வரும்போது ஒரு காற்று கையில் குத்தும். மைக்கில் அது 'டப்' என்று விழுகிறது. அதனால் மைக்கை வாய்க்கு நேராக வைக்காமல் வாயோரத்தில், கொஞ்சம் சாய்த்து வைத்தேன். காற்று நேராகப் போய்விடும், குரல் மட்டும் மைக்குக்கு வரும். ஸ்பாஞ்ச் உறையும் போட்டேன்.

அளவு பார்க்கும்போது எல்லோரும் செய்வதைத்தான் நானும் செய்தேன்: அமைதியாக "ஹலோ, ஹலோ" என்று சொல்லி கெயினை வைத்தேன். ஆனால் கேமில் யாரும் அமைதியாகப் பேசுவதில்லை. சுற்றி வளைத்துவிட்டார்கள் என்றால் குரல் எங்கேயோ போகிறது, ஒலி உடைந்து கரகரக்கிறது. உடைந்த ஒலியை எந்த மென்பொருளும் முழுசாக மீட்டுத் தராது. இப்போது சாதாரணப் பேச்சின் உச்சம் மைனஸ் 12 டெசிபெல் பக்கம் இருக்கும்படி வைக்கிறேன், பிறகு நிஜமாகவே கத்தி, ஒலி உடையும் எல்லையான 0-வைத் தொடவில்லை என்று உறுதி செய்கிறேன். 3.5 மில்லிமீட்டர் பின் உள்ள ஹெட்செட் வைத்திருப்பவர்கள் விண்டோஸில் மைக்ரோபோன் பூஸ்டை எடுத்தவுடன் ஏற்றாதீர்கள். குரலோடு 'உஸ்ஸ்' என்ற இரைச்சலும் சேர்ந்து ஏறும்.

விண்டோஸ் பற்றி இரண்டே விஷயம். வழக்கமான ஒலிக் கருவி என்று ஒன்றும், பேச்சுக்கான கருவி என்று ஒன்றும் அதில் தனித்தனியாக இருக்கின்றன. மைக் உள்ள கன்ட்ரோலரையோ வெப்கேமையோ சொருகினால் இவற்றில் ஒன்று மாறிவிடலாம், நாம் மேசைக்குக் கீழே கிடக்கும் கன்ட்ரோலரிடம் பேசிக்கொண்டிருப்போம். டிஸ்கார்டிலும் கேமிலும் 'டீஃபால்ட்' என்று விடாமல் மைக்கின் பெயரையே தேர்ந்தெடுத்துவிட்டேன். இன்னொன்று, யாராவது பேசினால் மற்றச் சத்தங்களை 80 சதவீதம் குறைக்கும் ஒரு தேர்வு கம்யூனிகேஷன்ஸ் பக்கத்தில் இருக்கிறது. நண்பன் பேசும்போதெல்லாம் காலடிச் சத்தம் காணாமல் போனதற்கு அதுதான் காரணம். 'எதுவும் செய்யாதே' என்பதற்கு மாற்றிவிடுங்கள்.

இரைச்சல் நீக்கம் ஒரே இடத்தில் மட்டும் இருக்கட்டும். மைக்கோடு வந்த மென்பொருளில் ஒன்று, டிஸ்கார்டில் ஒன்று, கேமுக்குள் ஒன்று என்று மூன்றும் ஓடியபோது என் குரல் தண்ணீருக்குள்ளிருந்து வருவதுபோல் இருந்ததாம். 2020-லிருந்து டிஸ்கார்டில் இருக்கும் கிறிஸ்ப் என்ற இரைச்சல் நீக்கி ஒன்றே விசிறிக்கும் கீபோர்டுக்கும் போதும். தானாகக் கெயினை ஏற்றி இறக்கும் வசதியையும் நிறுத்திவிட்டேன். ஒருமுறை கத்தினால் அது அளவைக் குறைத்துவிடும், அடுத்து மெதுவாகச் சொல்லும் முக்கியமான சொல் கேட்காது.

இதைவிட நல்ல மைக் வாங்கலாமா என்று அவ்வப்போது கேட்கிறார்கள். டிஸ்கார்டு ஒலியைச் சுருக்கி அனுப்ப ஓபஸ் என்ற கோடெக்கைப் பயன்படுத்துகிறது, 2012-ல் தரப்படுத்தப்பட்டது. குரல் சேனலின் வழக்கமான 64 கிலோபிட் வேகம் பேச்சுக்குத் தாராளம். கேட்பவர் துப்பாக்கிச் சத்தத்துக்கு நடுவில்தான் கேட்கிறார். மேடைப் பாடகரின் மைக் அங்கே தேவையே இல்லை. பணம் இருந்தால் முதலில் மைக்குக்கு நல்ல கை வாங்குங்கள்.

மூன்று வருடத்தில் தேய்ந்தவை: ஸ்பாஞ்ச் உறை இரண்டாவது வருடத்தில் பொடியாக உதிர்ந்தது, மாற்றினேன். கையின் மூட்டு தளர்ந்து மைக் மெல்ல மெல்லக் கீழே இறங்கும், மாதம் ஒருமுறை திருகை முறுக்குகிறேன். மைக் மட்டும் அப்படியே இருக்கிறது. உள்ளே நுழையும் முன் டிஸ்கார்டின் மைக் சோதனையில் மூன்றே சொற்றொடர்: "முன்னாடி", "பின்னாடி", "மாடியில ஆள் இல்ல". மூன்றும் முழுசாகத் திரும்பிக் கேட்டால் ஆட்டத்துக்குப் போவேன்.

இன்னும் சரியாகாத ஒன்று ராத்திரி ஆட்டம். வீட்டில் எல்லோரும் தூங்கும்போது கிசுகிசுத்துப் பேசினால் இரைச்சல் நீக்கம் அதையும் இரைச்சல் என்று எண்ணி விழுங்கிவிடுகிறது. இப்போதைக்கு விசிறியை ஒரு புள்ளி குறைத்து, கிறிஸ்பை நிறுத்தி, மைக்கை நான்கு விரல் தூரத்துக்கு இழுத்துக்கொள்கிறேன். பாதி நேரம் அது சரியாக வருகிறது. மீதி நேரம் "கேக்கல, திரும்பச் சொல்லு" என்கிறார்கள்.