மறைநிலம் வரையும் பெட்டியை வாங்கலாமா?

கண்ணுக்குத் தெரியாத நாடுகளை அளந்து வரையும் ஒரு ரகசியக் கூட்டம். அதில் நீங்கள் ஓர் உறுப்பினர். சேலத்தில் சிலர் சேர்ந்து செய்திருக்கும் இந்த வரைபட விளையாட்டின் கதை அவ்வளவுதான். முதல் அக்ரகாரம் பக்கம் ஸ்டேஷனரி கடையில் 1,450 ரூபாய்க்குக் கிடைக்கிறது. மூன்று பேர் முதல் ஐந்து பேர் வரை ஆடலாம். பாதி ஆட்டத்தை வெளியில் நின்றுதான் ஆட வேண்டும் என்பதால் ஒரு முழு நாளை ஒதுக்கிவிடுங்கள்.

உள்ளே ஏ2 அளவில் ஓர் அடித்தாள் (சேலம், ஏற்காடு பகுதியின் வரைபடம்), ஏ4 ட்ரேஸிங் தாள் 12, ஒரு திசைகாட்டி, 360 பாகை வட்டக் கோணமானி, அரக்கு வைத்த உறை 9, ஒரு விதிப் புத்தகம் இருக்கின்றன. அடித்தாள் ஒன்றுக்காகவே பெட்டியை வாங்கலாம். அளவு 1:50,000, தாளில் ஒரு செ.மீ. என்றால் தரையில் 500 மீட்டர். ஒரே உயரமுள்ள இடங்களை இணைக்கும் சமஉயரக் கோடு 20 மீட்டருக்கு ஒன்று. தென்மேற்கில் கஞ்சமலை, வடகிழக்கில் சேர்வராயன் கோயில் மேடு, நடுவே ஏற்காட்டுச் சாலையின் கொண்டை ஊசி வளைவு இருபதும் எண்ணோடு. சர்வே ஆஃப் இந்தியாவின் பழைய டோபோ ஷீட்டில், அதாவது நில அமைப்பு வரைபடத்தில், சேலம் நகரம் 58 ஐ/2 தாளிலும் ஏற்காடு 58 ஐ/1 தாளிலும் விழும். அந்த இரண்டையும் ஓரம் வெட்டி ஒட்டிப் பார்த்தவர்களுக்கு இந்த ஒற்றைத் தாளின் அருமை புரியும்.

கதைக்கும் நல்ல வேர் இருக்கிறது. தொல்காப்பியம் குறிஞ்சி, முல்லை, மருதம், நெய்தல் நான்குக்கும் நிலம் சொல்லிவிட்டுப் பாலைக்குத் தனி நிலம் சொல்லாமல் விடுகிறது. அந்தச் சொல்லாமல் விட்ட நிலத்தைத்தான் இந்தக் கூட்டம் தேடுகிறது. உறுப்பினர்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்ததில்லை. ஆளுக்கொரு ட்ரேஸிங் தாளில் வரைந்து வைத்துவிட்டுப் போவார்கள். எல்லாத் தாளையும் அடுக்கி வெளிச்சத்தில் பிடித்தால்தான் நாடு தெரியும்.

அந்த நிலத்தைக் கண்டுபிடிக்கும் வழிதான் ஆட்டத்தின் உயிர். ஏற்காட்டில் மலை விளிம்பிலுள்ள லேடீஸ் சீட் காட்சிமுனையில் நிற்பதாக வைத்துக்கொள்ளுங்கள். அடித்தாளில் பெயர் உள்ள மூன்று குன்றுகளைக் கண்ணால் தேர்ந்தெடுத்து, ஒவ்வொன்றின் திசைக்கோணத்தையும் (வடக்கிலிருந்து வலச்சுற்றாக எத்தனை பாகை என்பதை) திசைகாட்டியில் படிக்க வேண்டும். 180-க்குக் குறைவாக வந்தால் 180 கூட்டுங்கள், அதிகமாக வந்தால் 180 கழியுங்கள். வரும் கோணத்தில் அந்தந்தக் குன்றிலிருந்து நம்மை நோக்கிக் கோடு இழுத்தால், மூன்று கோடும் நாம் நிற்கும் இடத்தில் சந்திக்க வேண்டும். அப்படிச் சந்திப்பது அபூர்வம். நடுவில் ஒரு சின்ன முக்கோணம் மிஞ்சும். நில அளவைக்காரர்கள் பிழை முக்கோணம் என்று சொல்லும் இதைத்தான் இந்தக் கூட்டம் மறைநிலத்தின் வாசல் என்கிறது. முக்கோணத்தின் பக்க அளவை மி.மீ. கணக்கில் எடுத்து, அதற்குரிய உறையைப் பிரிக்க வேண்டும். அருமையான யோசனை. கண்மூடித்தனமாகக் கிறுக்கினால் வாசல் திறக்காது. கவனமாக அளந்தவருக்கு மிஞ்சும் பிழைதான் கணக்கில் வரும்.

எவ்வளவு பிழை நியாயம் என்பதை விதிப் புத்தகம் சொல்லியிருக்க வேண்டும். சொல்லவில்லை. 20 கி.மீ. தூரத்துக் குன்றுக்கு ஒரு பாகை தப்பினால் தரையில் சுமார் 350 மீட்டர், தாளில் 7 மி.மீ. விலகும். ஆகவே பக்கம் ஒரு செ.மீ. வரை உள்ள முக்கோணம் நேர்மையானது. இரண்டு செ.மீ. தாண்டினால் கோணத்தைத் தவறாகப் படித்தீர்களா, குன்றை மாற்றிப் பார்த்தீர்களா என்று சரிபாருங்கள். இன்னொன்று: லேடீஸ் சீட்டிலிருந்து கஞ்சமலை, நகரமலை, ஜருகுமலை மூன்றையும் எடுக்கத்தான் கை போகும். மூன்றும் ஒரே பக்கம் கிடப்பதால் கோடுகள் சாய்வாக வெட்டி, முக்கோணம் ஊசி போல நீளும். ஒன்றை விட்டுவிட்டு, வடக்கே தெரியும் ஒரு மேட்டைச் சேர்த்துக்கொள்ளுங்கள்.

பெட்டியின் உச்சம் கஞ்சமலை. அந்த மலையின் பாறையில் மேக்னடைட் இரும்புத்தாது இருக்கிறது. சித்தர் கோயில் பக்கம் நின்று படித்தால் முள் தடுமாறும், முக்கோணம் விரியும். சித்தர்கள் உலவிய மலை என்று அமாவாசைக்கு ஊரே கூடும் இடத்தில் இந்த வாசல் மட்டும் இத்தனை பெரிதாகத் திறப்பதை ஆட்டம் அழகாகப் பயன்படுத்திக்கொள்கிறது. ஐந்தாவது உறையில் வாசலை அடைக்கும் வித்தையும் வருகிறது. ஒரே இடத்தில் நின்று படிக்கும்போது மூன்று கோணமும் ஒரே அளவுதான் பிசகும். அவற்றின் இடைக்கோணங்கள் மாறாது. ட்ரேஸிங் தாளில் ஒரு புள்ளி வைத்து, அதிலிருந்து அந்த இடைக்கோணங்களில் மூன்று கோடு இழுத்து, மூன்றும் மூன்று குன்றின்மேல் விழும்வரை தாளை நகர்த்துங்கள். விழுந்ததும் புள்ளி நிற்கும் இடம்தான் நீங்கள் நிற்கும் இடம். முக்கோணமே இருக்காது. கூட்டத்தில் ஒருவர் திறந்ததை இன்னொருவர் சத்தமில்லாமல் மூடுகிற அந்தத் திருப்பத்துக்கு மேல் எதுவும் சொல்லி ஆட்டத்தைக் கெடுக்கக் கூடாது.

இந்த இடத்தில்தான் பெட்டி சறுக்குகிறது. கஞ்சமலையிலிருந்து சேர்வராயன் கோயில் மேடு அடித்தாளில் 30 செ.மீ.க்கு மேல் தள்ளி இருக்கிறது. ஏ4 ட்ரேஸிங் தாளின் நீளப் பக்கமே 29.7 செ.மீ. கோடு எப்படிப் போய்ச் சேரும்? கையோடு 90 ஜி.எஸ்.எம். ட்ரேஸிங் ரோலில் ஒரு மீட்டர் வாங்கிக்கொள்ளுங்கள்.

இதைவிடப் பெரிய தவறு பெட்டியின் மூடி. அழகுக்காகக் காந்தம் வைத்து மூடும்படி செய்திருக்கிறார்கள். மூடியை மடியில் வைத்துக்கொண்டு திசைகாட்டியைப் படித்தால் சேலத்தில் எங்கே நின்றாலும் கஞ்சமலைதான். பெட்டியையும் செல்போனையும் இரண்டு மீட்டராவது தள்ளி வையுங்கள், வண்டியை இன்னும் தூரத்தில் நிறுத்துங்கள். அடுத்த பதிப்பில் காந்தத்துக்குப் பதில் நாடா கட்டினால் போதும்.

ஏற்காட்டுப் பனிமூட்டத்தில் தாள் ஈரம் குடித்து விரியும், ட்ரேஸிங் தாள் சுருளவும் செய்யும். காகித நாரின் போக்குக்குக் குறுக்கே விரிவு அதிகம் என்பதால் தாள் எல்லாப் பக்கமும் ஒன்றுபோல வளராது. காலையில் வீட்டில் வரைந்த தாள் மேலே போனதும் அடித்தாளோடு பொருந்தாமல் போவது இதனால்தான். இரண்டையும் அரை மணி நேரம் ஒரே காற்றில் விரித்து வைத்துவிட்டு வரையுங்கள். 2ஹெச் பென்சில் போதும்; ஜெல் பேனா ட்ரேஸிங் தாளில் காயாமல் ஈஷிக்கொள்ளும்.

எட்டாவது உறை உங்களைச் சேர்வராயன் கோயில் குகைக்கு அனுப்புகிறது. குகைவழி காவேரி வரை போகும் என்ற மலைமக்களின் நம்பிக்கையை ஒட்டிய கட்டம், எழுத்தும் நன்றாக வந்திருக்கிறது. ஆனால் அது சேர்வராயனும் காவேரியம்மனும் குடியிருக்கும் இடம். மே மாதத் திருவிழாவுக்கு மலை ஊர்கள் எல்லாம் திரளும். உள்ளே கோணமானியோடு நிற்கச் சொல்லும் வரியை எடுத்தே ஆக வேண்டும். வெளியே மேட்டின்மேல் நின்று அளந்தாலும் அந்த உறையின் கணக்கு சரியாகவே வருகிறது.

ரோல் தாளோடு சேர்த்தால் 1,500 ரூபாயைத் தாண்டும். அந்த அடித்தாளுக்கும் கஞ்சமலைக் கட்டத்துக்கும் தாராளமாகக் கொடுக்கலாம்.